ஜான் எவர்ஷெட்: கோடைமலையில் ஒளியை அளந்த அறிஞர்

உத்திரமேரூரைச் சூழ்ந்த சிற்றூர்களில் வாழ்வோர்க்கு வானமும் ஏரியும் இரு கண்கள் போன்றன. பல்லவர் காலத்தில் தோன்றிய வயிரமேகத் தடாகம் என்னும் பேரேரியின் பெயர் அவ்வூர்க் கல்வெட்டுகளில் பயில்கின்றது. முதலாம் பராந்தக சோழன் காலத்தில், கி. பி. 919, 921 ஆகிய ஆண்டுகளில், பொறிக்கப்பெற்ற புகழ்வாய்ந்த கல்வெட்டுகள், குடவோலையால் தேர்ந்தெடுக்கப்பெற்ற வாரியங்களுள் ஏரி வாரியம் ஒன்று என்பதைத் தெரிவிக்கின்றன. ஏரியைக் காக்க வாரியம் அமைக்கலாம்; மழையைப் பெய்விக்க எவ்வாரியத்தாலும் ஆகாது. இவ்வுண்மையைச் சென்னை மாகாணம் முழுவதும் கண்ணீரோடு உணர்ந்த காலம் ஒன்று உண்டு. 1876 முதல் 1878 வரை நீடித்த அக்கொடிய பஞ்சத்தைத் தாது வருஷப் பஞ்சம் என்று நம் முன்னோர் நெடுநாள் சொல்லி வந்தனர். பல இலட்சம் மக்கள் அதில் மாண்டனர்.

அப்பஞ்சத்தின் பின்னர், மழை பொய்ப்பதற்குக் காரணம் யாதென அறிஞர் ஆராயத் தொடங்கினர். கதிரவன் முகத்தில் காணப்படும் கரும்புள்ளிகள் ஏறத்தாழப் பதினோராண்டுக்கு ஒருமுறை பெருகியும் சுருங்கியும் வருவன. அவற்றிற்கும் பருவமழைக்கும் தொடர்பு இருத்தல் கூடும் என்று அந்நாளில் பலர் எண்ணினர். ஆகவே, தென்னாட்டு மலையொன்றில் நாள்தோறும் கதிரவனை நோக்கும் நிலையம் ஒன்று வேண்டுமென்னும் கருத்து வலுப்பெற்றது. பழனி மலைத்தொடரில் கோடைக்கானல் அதற்கு உரிய இடமாகத் தெரிந்தெடுக்கப்பட்டது. கடல் மட்டத்திற்கு மேல் ஏறத்தாழ 7,700 அடி உயரத்திலுள்ள அவ்விடத்தில் 1895-இல் ஆளுநர் வென்லாக் பிரபு அடிக்கல் நாட்டினார். 1901-இல் ஆராய்ச்சி தொடங்கியது. அதன் முதல் தலைவர் சார்லஸ் மிச்சி ஸ்மித் என்பார், அதற்கு முன் சென்னைக் கிறிஸ்தவக் கல்லூரியில் பௌதிக நூல் கற்பித்த ஆசிரியர் என்பது மிஷன் கல்லூரிகளில் பயில்வோர்க்கு மகிழ்ச்சி தரும் செய்தியாகும்.

மழையை முன்னறியும் நோக்கத்தோடு நிறுவப்பெற்ற அந்நிலையம் அந்நோக்கத்தை நிறைவேற்றியதென்று கூறுதற்கில்லை. ஆயின், எவரும் எதிர்பாராத மற்றொரு பெரிய கேள்விக்கு விடை தேடும் களமாக அது விளங்கிற்று. ஒளியைத் தருவதும் அசைகின்றது. ஒளியைக் காண்பவனும் அசைகின்றான். அங்ஙனமாயின், ஒளி அவ்விருவர் அசைவையும் எங்ஙனம் காட்டும்? எதனைக் காட்டாது ஒழியும்? இக்கேள்வியோடு தம் வாழ்நாளின் சிறந்த பகுதியைக் கோடைமலையில் கழித்தவர் ஜான் எவர்ஷெட் என்னும் ஆங்கில அறிஞர். அவர் வரலாறு மாணவர் யாவரும் அறியத்தக்கது.

எவர்ஷெட் 1864-ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்கள் 26-ஆம் நாள் இங்கிலாந்தில் சரே மாவட்டத்தைச் சார்ந்த கோம்ஷல் என்னும் ஊரில் பிறந்தார். வானநூலைப் பல்கலைக்கழகத்தில் முறையாகப் பயின்று பட்டம் பெற்றவரல்லர். இலண்டன் மாநகரில் இரசாயனப் பொருள்களையும் எண்ணெய்களையும் சோதிக்கும் அலுவலில் அமர்ந்து ஊதியம் பெற்று வந்தார். பகலெல்லாம் அலுவல்; ஓய்ந்த வேளையெல்லாம் கதிரவன் ஆராய்ச்சி. 1890-இல் கென்லி என்னுமிடத்தில் தமக்கென ஒரு சிறு ஆராய்ச்சிக் கூடம் அமைத்துக்கொண்டார். வானநூலில் பற்று மிக்க அவர் நண்பர் இரானியார்டு என்பவர் 1894-இல் இறந்தபோது தம் பதினெட்டங்குலத் தொலைநோக்கியை அவர்க்கு விட்டுச் சென்றார். கருவிகளைத் தம் கையாலேயே செய்தும் திருத்தியும் பழகிய அப்பழக்கம் பின்னாளில் அவர்க்குப் பெருந்துணையாயிற்று.

1896-இல் முழுச் சூரிய கிரகணம் காண நார்வே நாடு சென்ற கூட்டத்தில் அவரும் ஒருவர். மேகம் மறைத்தமையால் கிரகணம் காணக் கூடவில்லை. ஆயினும் மேரி ஆக்வொர்த் ஆர் என்னும் கல்விச் செல்வியாரின் நட்பு அப்பயணத்தில் வாய்த்தது. 1898-ஆம் ஆண்டு ஜனவரி 22-ஆம் நாள் நிகழ்ந்த கிரகணத்தைக் காண எவர்ஷெட் முதன்முறையாக இந்தியாவிற்கு வந்து, நடுநாட்டில் தால்னி என்னும் ஊரில் தங்கிக் கதிரவன் விளிம்பின் நிறமாலையைச் சிறப்பாகப் படம் பிடித்தார். அவ்வெற்றியால் அவர் பெயர் அறிஞரிடையே பரவிற்று. 1906-இல் கோடைக்கானல் நிலையத்தின் துணைத் தலைவர் பதவி அவரை நாடி வந்தது. அவ்வாண்டிலேயே மேரி அம்மையாரை மணந்து, அமெரிக்க நாட்டின் பேராராய்ச்சிக் கூடங்களைக் கண்டு, ஜப்பான் வழியாக 1907 ஜனவரியில் கோடைமலை வந்து சேர்ந்தார். அப்போது அவர்க்கு வயது நாற்பத்திரண்டு.

இனி அவர் ஆராய்ச்சியை விளங்கிக்கொள்வதற்கு ஒளியின் இயல்பைச் சிறிது அறிதல் வேண்டும். காற்றின்றி நேராக மழை பெய்யும்போது உத்திரமேரூரினின்று காஞ்சிபுரம் நோக்கி மிதிவண்டியில் செல்பவன் ஒருவனை நினைத்துப் பார்ப்போம். நின்றிருப்பவனுக்கு மழை தலைக்கு நேரே விழுகின்றது. செல்பவனுக்கோ அது முன்னிருந்து சாய்ந்து வந்து முகத்தில் அறைகின்றது. அறையும் வேகமும் மிகுகின்றது. மழை ஒன்றே, காண்பவர் அசைவினால் அதன் திசையும் வேகமும் வேறாகத் தோன்றுகின்றன. எதிரெதிராக வரும் இரண்டு வண்டிகளின் வேகங்களை நாம் கூட்டுவதும், ஒரே திசையிற் செல்வனவற்றின் வேகங்களைக் கழிப்பதும் இம்முறை பற்றியே.

ஒளியும் இவ்வாறுதானா? ஒளி விநாடிக்கு 2,99,792 கிலோமீட்டர், அஃதாவது ஏறத்தாழ 1,86,000 மைல், விரைந்து செல்வது. கதிரவனிடமிருந்து நம்மை வந்தடைய அதற்கு எட்டு நிமிடமும் இருபது விநாடியும் ஆகின்றன. நம் பூமியோ கதிரவனைச் சுற்றி விநாடிக்கு ஏறத்தாழ முப்பது கிலோமீட்டர் வேகத்தில் ஓடிக்கொண்டிருக்கிறது. ஆகவே நாம் அனைவரும் ஓயாது ஓடும் வண்டியில் ஏறியவர்களே. பதினெட்டாம் நூற்றாண்டின் முற்பகுதியில் ஜேம்ஸ் பிராட்லி என்னும் ஆங்கிலேயர், விண்மீன்களின் ஒளி பூமியின் ஓட்டத்தினால் சிறிது சாய்ந்து வருவதாகத் தோன்றுதலைக் கண்டுபிடித்தார். மிதிவண்டிக்காரன் குடையை முன்னே சாய்ப்பது போல, வானநூலார் தம் தொலைநோக்கியைப் பூமி செல்லும் திசையில் இம்மியளவு சாய்க்க வேண்டியிருந்தது. இவ்வளவில் ஒளி மழையை ஒத்தது.

ஆயின், வேகத்தை அளக்கப் புகுந்தபோது ஒளி மழையின் வழியில் நடக்கவில்லை. 1887-இல் அமெரிக்காவில் கிளீவ்லாந்து நகரில் மைக்கல்சன், மோர்லி என்னும் இருவரும், பூமி செல்லும் திசையில் செல்லும் ஒளியையும் அதற்குக் குறுக்கே செல்லும் ஒளியையும் மிக நுட்பமான கருவியால் ஒப்பிட்டனர். பூமியின் ஓட்டத்தினால் அவ்விரண்டிற்கும் வேறுபாடு காணப்படும் என்பது அவர்கள் எதிர்பார்ப்பு. எதிர்பார்த்த வேறுபாடு காணப்படவில்லை. 1905-இல் ஆல்பர்ட் ஐன்ஸ்டைன், ஒரே சீராகச் செல்லும் காண்போர் யாவர்க்கும் ஒளியின் வேகம் ஒன்றே என்பதைத் தம் சார்புக் கொள்கையின் அடிப்படைகளுள் ஒன்றாக நிறுத்தினார். ஒளியை நோக்கி ஓடினும் அதற்கு விலகி ஓடினும் அளந்தால் கிடைக்கும் வேகம் அதுவே. இது நிகழ வேண்டுமாயின், ஓடுபவன் கையிலுள்ள கடிகாரமும் அளவுகோலும் நிற்பவன் கையிலுள்ளவற்றோடு முற்றும் ஒவ்வாதனவாதல் வேண்டும் என்றும் அவர் காட்டினார். காலமும் நீளமும் காண்பவனைச் சார்ந்தன. ஒளியின் வேகமோ எவரையும் சாராது நிற்பது.

ஒளியைத் தரும் பொருளின் அசைவும் அதன் வேகத்தைக் கூட்டுவதில்லை. இதனை 1913-இல் ஒல்லாந்து நாட்டு அறிஞர் டி சிட்டர் எளிய முறையில் விளக்கினார். ஒன்றையொன்று சுற்றிவரும் இரட்டை விண்மீன்கள் வானத்தில் உள்ளன. அவற்றுள் ஒன்று நம்மை நோக்கி வரும்போது விடுக்கும் ஒளி விரைந்தும், விலகிச் செல்லும்போது விடுக்கும் ஒளி தாழ்ந்தும் வருமாயின், பின்னே புறப்பட்ட ஒளி முன்னே புறப்பட்டதை நெடுவழியில் எட்டிப் பிடித்துவிடும். அப்போது ஒரே விண்மீன் ஒரே நேரத்தில் இரண்டிடங்களிற் காணப்படும். அத்தகைய குழப்பம் வானத்தில் யாண்டும் காணப்படவில்லை. அவை முறையாகவே சுற்றக் காண்கின்றோம்.

அப்படியாயின் ஒரு கேள்வி எழும். வரும் பொருளின் ஒளியும் போகும் பொருளின் ஒளியும் ஒரே வேகத்தில் வருமேல், அது வருகின்றதா போகின்றதா என்பதை எங்ஙனம் அறிவது? விடை நிறத்தில் உள்ளது. காஞ்சிபுரத்தினின்று நாழிகைக்கு ஓர் அஞ்சற்காரன் உத்திரமேரூர் நோக்கிப் புறப்படுவதாகக் கொள்வோம். ஊரிலேயே இருப்பவன் நாழிகைக்கு ஒருவனைக் காண்பான். எதிரே நடந்து செல்பவன் நாழிகைக்குள்ளாகவே அடுத்தவனைச் சந்திப்பான். முன்னே விலகி நடப்பவனுக்கு அடுத்தவன் வந்து சேர நாழிகைக்கு மேலாகும். ஒளி அலையலையாக வருவது. அவ்வலைகளே அஞ்சற்காரர் போன்றன. நெருங்கும்போது அலைகள் அடுத்தடுத்து வருதலால் நிறம் ஊதாப் பக்கம் சாயும். விலகும்போது தாழ்த்து வருதலால் சிவப்புப் பக்கம் சாயும். 1842-இல் ஆஸ்திரிய அறிஞர் டாப்ளர் காட்டிய விதி இதுவே. உவமை ஒன்றில் மட்டும் பொருந்தாது. எதிரே நடப்பவனுக்கு அஞ்சற்காரன் விரைந்து வருவதாகவே தோன்றும். ஒளியோ அவனுக்கும் தன் பழைய வேகத்திலேயே வரும். அசைவை மறைப்பது ஒளியின் வேகம். அதனை வெளிப்படுத்துவது ஒளியின் நிறம்.

கதிரவன் ஒளியை முப்பட்டைக் கண்ணாடி முதலிய கருவிகளால் பிரித்தால் வானவில் போன்ற நிறமாலை தோன்றும். அதன் குறுக்கே நூற்றுக்கணக்கான கருங்கோடுகள் காணப்படும். ஒவ்வொரு கோடும் கதிரவனிலுள்ள ஒரு மூலப்பொருளின் முத்திரை. அக்கோடுகள் தம் இடத்தினின்று மயிரிழையளவு நகர்ந்திருப்பின், அவ்வாயு அசைகின்றதென்பது புலனாம். இம்மயிரிழையை அளத்தலே எவர்ஷெட்டின் தொழிலாயிற்று.

கோடைக்கானலில் கதிரவனை ஒற்றை நிறத்திற் படமெடுக்கும் கருவி ஒன்று இங்கிலாந்தினின்று வந்திருந்தது. எவர்ஷெட் வந்ததும் அதனைச் செம்மைப்படுத்தி நாள்தோறும் இயங்கச் செய்தார். நிறமாலையை நுட்பமாகப் படமெடுக்கும் கருவியையும் தம் கையாலேயே அமைத்தார். 1908-இல் அமெரிக்க அறிஞர் ஹேல், கரும்புள்ளிகளில் காந்த ஆற்றல் உண்டென்று கண்டிருந்தார். அப்புள்ளிகள் நீர்ச்சுழல் போலச் சுழலும் வாயுக்களாக இருக்கலாம் என்பது அந்நாளைய கருத்து. அதனைச் சோதிக்கத் தக்க வாய்ப்பாகப் பெரிய புள்ளிகள் சில தோன்றின. 1909 ஜனவரி 5-ஆம் நாள், மழையால் கழுவப்பெற்றது போன்ற தெளிந்த வானத்தில், எவர்ஷெட் அவற்றின் நிறமாலையைப் படம் பிடித்தார்.

தட்டைக் கழுவிப் பார்த்தபோது கருங்கோடுகள் புள்ளியின் புறநிழற் பகுதியில் சாய்ந்து கிடந்தன. வாயு சுழலுமாயின் சாய்வு ஒருவகையாக இருத்தல் வேண்டும். அவர் கண்டதோ வேறு வகை. கதிரவன் விளிம்பை நோக்கிய பக்கத்தில் கோடுகள் சிவப்பை நோக்கியும், நடுவை நோக்கிய பக்கத்தில் ஊதாவை நோக்கியும் நகர்ந்திருந்தன. இதன் பொருள் யாது? வாயு புள்ளியின் நடுவினின்று நாற்புறமும், கதிரவன் பரப்பையொட்டி, வெளிநோக்கிப் பாய்கின்றது என்பதே. அதன் வேகம் விநாடிக்கு ஏறத்தாழ இரண்டு கிலோமீட்டர். ஒளியின் வேகத்தில் இது ஒன்றரை இலட்சத்தில் ஒரு பங்கு. அவ்வளவு சிறிய நகர்ச்சியை ஐயமற அளந்தமையே அவர் பெருமை. எதிர்பார்த்ததைக் காணாமல், இருப்பதைக் கண்டு கூறிய அவர் நேர்மையையும் இங்கு நாம் கருதவேண்டும். உலகெங்கும் அந்நிகழ்ச்சி இன்றும் எவர்ஷெட் விளைவு என்றே வழங்குகின்றது.

1911-இல் மிச்சி ஸ்மித் ஓய்வு பெறவே, எவர்ஷெட் நிலையத்தின் தலைவரானார். 1915-இல் இலண்டன் ராயல் சங்கத்தின் உறுப்பினராகத் தேர்ந்தெடுக்கப்பெற்றார். 1918-இல் ராயல் வானநூற் சங்கத்தின் பொற்பதக்கம் பெற்றார். இன்னும் தெளிந்த வானத்தை நாடிக் காஷ்மீர்ப் பள்ளத்தாக்கிலும் சிறிது காலம் கருவிகளை நிறுவி ஆராய்ந்தார். மேரி அம்மையார் அவர் ஆராய்ச்சியில் உடனிருந்து, கதிரவன் விளிம்பில் எழும் தீக்கொழுந்துகளைப் பற்றிய நெடுங்கணக்கைத் தொகுக்க உதவினார். அவரே தாந்தே என்னும் இத்தாலியப் பெருங்கவிஞரின் வானநூலறிவு பற்றித் தனி நூலொன்று எழுதி 1914-இல் வெளியிட்டார். மலைமேல் தனித்திருந்த அவ்வீட்டில் கலையும் அறிவியலும் ஒருங்கு வாழ்ந்தன எனலாம்.

இப்போது அவர் வாழ்வின் கடினமான பகுதிக்கு வருவோம். நீர் கீழே இழுப்பதை எதிர்த்து மேலேறுபவன் தளர்வது போல, கதிரவனின் பெரும் ஈர்ப்பை மீறி வெளிவரும் ஒளி சிறிது சிவப்புப் பக்கம் சாய்தல் வேண்டும் என்று ஐன்ஸ்டைன் கணக்கிட்டிருந்தார். ஈர்ப்பினால் அவ்வொளியின் வேகம் நம்மிடம் வரும்போது குறைந்திராது, நிறமே மாறியிருக்கும். அம்மாற்றம் பத்து இலட்சத்தில் இரண்டு பங்கு. விநாடிக்கு ஏறத்தாழ 636 மீட்டர் வேகத்தில் விலகும் பொருள் காட்டும் நகர்ச்சிக்கு அது சமம். எவர்ஷெட் முன்னரே கதிரவனின் கோடுகள் சிவப்பை நோக்கிச் சிறிது நகர்ந்திருப்பதைக் கண்டிருந்தார். ஆகவே, புதிய கொள்கை மெய்யா பொய்யா என்று தீர்ப்பளிக்கத்தக்க ஒரு சிலருள் அவரும் ஒருவரானார்.

இவ்வளவின் அருமையை அறியச் சில எண்களை நோக்குதல் வேண்டும். பூமி தன்னைத்தானே சுற்றுதலால் கோடைக்கானல் விநாடிக்கு ஏறத்தாழ 458 மீட்டர் வேகத்தில் கிழக்கு நோக்கி ஓடுகின்றது. ஆகவே, ஆராய்ச்சியாளர் கதிரவன் உதிக்கையில் அதனை நெருங்குகின்றார். மறைகையில் அதனை விட்டு விலகுகின்றார். பூமியின் பாதை முழுவட்டம் அன்மையால், ஜனவரி முதல் ஜூலை வரை நாம் கதிரவனை விட்டு விலகியும், ஜூலை முதல் ஜனவரி வரை நெருங்கியும் வருகின்றோம். இவ்வேகம் சிலபோது விநாடிக்கு 500 மீட்டர் வரை செல்லும். கதிரவனும் சுழலுதலால் அதன் ஒரு விளிம்பு நம்மை நோக்கியும் மற்றொரு விளிம்பு விலகியும் விநாடிக்கு இரண்டு கிலோமீட்டர் செல்லும். தேடும் பொருள் 636 மீட்டர். தேடுபவர் தம் ஓட்டம் மட்டுமே அதனினும் பெரிதாதல் கூடும்! தம் அசைவைக் கழிக்காமல் அளப்பவர் தம்மையே அளந்தவராவரேயன்றிக் கதிரவனை அளந்தவராகார்.

எவர்ஷெட் அனைத்தையும் கழித்தார். கழித்த பின்னும் எஞ்சிய நகர்ச்சி ஐன்ஸ்டைன் கணக்கோடு பொருந்தவில்லை. நடுப்பகுதியில் அது குறைந்தும் விளிம்பில் மிகுந்தும் இருந்தது. கோட்டுக்குக் கோடு வேறுபட்டது. வாயுக்கள் உண்மையாகவே நம்மை விட்டு விலகி ஓடுகின்றனவோ என்ற ஐயம் அவர்க்குத் தோன்றிற்று. ஆனால் கதிரவனின் நடுவிலும் விளிம்பிலும் வாயு பூமியை விட்டே விலகி ஓடுமாயின், அண்டத்தில் பூமிக்கு மட்டும் அத்தனை சிறப்பு ஏன்? விந்தையான இம்முடிவை அவர் எளிதில் ஏற்கவுமில்லை, எளிதில் தள்ளவுமில்லை. சோதித்துப் பார்க்க ஓர் அரிய வழி கண்டார்.

வெள்ளி என்னும் கோள் கதிரவன் ஒளியை நமக்குத் திருப்பித் தரும் கண்ணாடி போன்றது. அது வேறிடத்தில் நிற்கும்போது, நாம் நேரே காணமுடியாத கதிரவனின் மறுபக்கத்து ஒளியை நமக்குக் காட்டும். வாயு பூமியை விட்டு விலகுவது உண்மையாயின், வெள்ளியின் வழி வரும் ஒளியில் அந்நகர்ச்சி மாறித் தோன்ற வேண்டும். வேறொரு காண்பவனின் இடத்தில் தம்மை நிறுத்திப் பார்க்கும் முயற்சி அது. முதல் அளவுகள் அவர் ஐயத்திற்குத் துணை செய்வன போலவே இருந்தன. பூமியைச் சார்ந்ததொரு விளைவு உண்டென்று சில ஆண்டுகள் அவர் கருதி வந்தார்.

1919-இல் எடிங்டன் முதலியோர் கிரகணத்தின்போது விண்மீனொளி கதிரவனருகே வளைவதைக் காட்டி ஐன்ஸ்டைன் புகழை உலகெங்கும் பரப்பினர். அதனையே மீண்டும் சோதிக்க, 1922 செப்டம்பர் 21-ஆம் நாள் நிகழ்ந்த கிரகணத்திற்கு எவர்ஷெட்டும் துணைவியாரும் கோடைக்கானற் கருவிகளோடு ஆஸ்திரேலியாவின் மேற்குக் கரையில் வாலல் என்னும் மணற்பாங்கான இடத்திற்குச் சென்றனர். அங்கே வந்திருந்த அமெரிக்கர் வெற்றி பெற்றனர். எவர்ஷெட்டின் கருவியோ இயக்கத்திற் கோளாறுற்று, ஒளி வளைவை அளக்க உதவாது போயிற்று. அத்துணைத் தொலைவு சென்று வெறுங்கையராய் மீளுதல் எத்துணைத் துன்பம் தரும் என்பதைச் சொல்லவும் வேண்டுமோ?

இதற்கிடையில், அமெரிக்க நாட்டு வில்சன் மலையில் செயின்ட் ஜான் முதலியோர் வெள்ளியின் ஒளியை அளந்து, எவர்ஷெட் கண்ட வேறுபாடு கதிரவனிடத்துப் பிறந்ததன்று, நோக்கும் முறையிலும் நம் காற்று மண்டலத்திலும் பிறந்தது என்று காட்டினர். எவர்ஷெட் தம் கருத்தைப் பற்றிக்கொண்டு வாதாடவில்லை. அளவுகளை மீண்டும் ஆராய்ந்தார். பூமியைச் சார்ந்த விளைவு என்னும் தம் எண்ணத்தைக் கைவிட்டார். ஐன்ஸ்டைன் கூறிய நகர்ச்சி கதிரவன் ஒளியில் உண்மையாகவே உள்ளதென்று ஏற்றுத் தம் அளவுகளாலேயே அதற்குச் சான்று சேர்த்தார். ஐயுற்றவரே சாட்சியானார்.

நடுவில் நகர்ச்சி குறைந்து தோன்றியதற்குக் காரணம் பின்னர் வந்தோரால் விளங்கிற்று. கதிரவன் பரப்பு கொதிக்கும் உலைநீர் போன்றது. வெப்பமும் ஒளியும் மிக்க வாயு ஓயாது மேலெழுகின்றது. நடுப்பகுதியில் அவ்வெழுச்சி நம்மை நோக்கியதாகலின் நிறத்தை ஊதாப் பக்கம் தள்ளி, ஈர்ப்பினால் வந்த சிவப்பில் ஒரு பகுதியை மறைத்துவிடுகின்றது. விளிம்பிலோ அவ்வெழுச்சி நம் பார்வைக்குக் குறுக்கே செல்லுதலால் மறைப்பது குறைகின்றது. ஆகவே எவர்ஷெட்டின் அளவுகள் பிழையல்ல. அவற்றின் பொருளே அந்நாளில் முற்றும் விளங்காதிருந்தது. நேர்மையாக அளந்து வைத்த எண், அளந்தவர் கொண்ட கருத்து வீழ்ந்த பின்னும் நிலைத்து நின்று பயன் தரும் என்பதற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுவதில்லை.

1923-இல் எவர்ஷெட் ஓய்வு பெற்றுத் தாய்நாடு சென்றார். அங்கும் அவர் ஓயவில்லை. சரே மாவட்டத்தில் யூஹர்ஸ்ட் என்னும் ஊரில் மீண்டும் ஒரு சொந்த ஆராய்ச்சிக் கூடம் அமைத்து, நீர்மம் நிரப்பிய பெரிய முப்பட்டகங்களைச் செய்து, முதுமையிலும் கதிரவன் கோடுகளை அளந்துகொண்டேயிருந்தார். மேரி அம்மையார் 1949-இல் மறைந்தார். எவர்ஷெட் 1956 நவம்பர் 17-ஆம் நாள், தம் தொண்ணூற்றிரண்டாம் வயதில், இவ்வுலக வாழ்வை நீத்தார். கோடைக்கானலில் நூறாண்டிற்கு மேலாகச் சேர்ந்துள்ள கதிரவன் படங்கள் இன்று இந்திய வான்பௌதிகக் கழகத்தின் அரிய செல்வமாகப் பேணப்படுகின்றன. அவற்றுள் அவர் கைபட்ட தட்டுகளும் உள்ளன.

மாணவ நண்பர்காள்! தாது வருஷத்தில் வறண்ட ஏரிகளின் நினைவினால் எழுந்தது அம்மலை நிலையம். மழையின் மறையை அது அவிழ்க்கவில்லை. ஒளியின் மறையில் ஒரு பகுதியை அவிழ்த்தது. ஓடுவோர்க்கும் நிற்போர்க்கும் ஒளி ஒரே வேகத்தில் வந்து சேர்கின்றது. அவ்வகையில் அது நடுவு நிலைமை தவறாதது. ஆயினும் அதன் நிறத்தில் பொருளின் அசைவும் நம் அசைவும் கலந்தே வருகின்றன. இரண்டையும் பிரித்தறிதல் காண்பவர் கடமை. பிறரை அளக்கப் புகுமுன் தம் ஓட்டத்தைக் கழித்துக்கொண்டவர் எவர்ஷெட். கழித்த பின்னும் தம் முடிவு தவறெனத் தெரிந்தபோது அதனையும் கழித்துவிட்டவர். தேர்வு முடிந்தபின் பௌதிகப் பாடத்தின் எண்கள் நமக்கு மறந்துபோகலாம். இவ்விரண்டு கழித்தல்களையும் மறவாதிருப்போமாயின், கோடைமலையில் அவர் பட்ட பாட்டின் பயனில் நமக்கும் ஒரு பங்கு கிடைத்ததாகும்.